கேளாச் செவிகள்: ஸ்பானிய அமெரிக்காவிற் சீர்திருத்தமும் கிளர்ச்சியும்

கொலம்பஸ் அமெரிக்காவைக் கண்ட கதையையும், சீமோன் பொலிவார் அதன் தென்பாகத்தை விடுவித்த கதையையும் பாடசாலை வரலாற்று நூல்களில் நாம் படித்திருக்கிறோம். இவ்விரண்டுக்கும் இடையே முந்நூறு ஆண்டுகள் கிடக்கின்றன. அம்முந்நூறு ஆண்டுகளும் ஒரே இருளென்றும், ஒருநாட் காலையில் விடுதலைச் சூரியன் திடீரென உதித்ததென்றும் எண்ணிவிடுதல் எளிது. உண்மை அதுவன்று. 1810ஆம் ஆண்டில் விடுதலைப் போர் மூள்வதற்கு ஒரு தலைமுறைக்கு முன்னரே அந்நாடுகளின் மலைகளிலும் சந்தைகளிலும் மக்கள் கிளர்ந்தெழுந்தனர். ஸ்பானிய அரசு உறங்கிக் கிடந்த காலமெல்லாம் பெரும்பாலும் பொறுத்திருந்த மக்கள், அது விழித்தெழுந்து சீர்திருத்தஞ் செய்யத் தொடங்கிய காலத்திலேயே ஆயுதம் ஏந்தினர் என்பது வியப்பிற்குரியது. திருத்த வந்த அரசை மக்கள் எதிர்ப்பானேன்? இவ்வினாவிற்கு விடை காண முயல்வதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

பேரரசின் விழிப்பு

ஏழாண்டுப் போரின் இறுதிக் கட்டத்தில், 1762ஆம் ஆண்டு ஸ்பெயினுக்கு இரு பேரிடிகள் விழுந்தன. ஆகஸ்டு மாதத்திற் கியூபாத் தீவின் ஹவானாத் துறைமுகம் ஆங்கிலேயர் வசமாயிற்று. ஒக்டோபரில் பிலிப்பைன் தீவுகளின் தலைநகரான மணிலாவும் வீழ்ந்தது. மணிலாவைத் தாக்கிய படை நமக்கு அண்மையிலுள்ள சென்னைப் பட்டினத்திலிருந்தே கப்பலேறிற்று என்பதும், கிழக்கிந்தியக் கம்பனியின் சிப்பாய்களும் அதில் இருந்தனர் என்பதும் நம்மவர் பலர் அறியாத செய்திகள். அடுத்த ஆண்டு பாரிஸ் உடன்படிக்கையின்படி இரு நகரங்களும் ஸ்பெயினிடம் மீண்டன. போன மானம் மீளவில்லை.

அக்காலத்தில் ஸ்பெயினை ஆண்டவன் மூன்றாம் சாள்ஸ் மன்னன் (1759 - 1788). கோட்டைகளைப் பலப்படுத்த வேண்டும், கப்பல்கள் கட்ட வேண்டும், குடியேற்ற நாடுகளில் நிலையான படைகளை நிறுத்த வேண்டும் என அவன் உறுதி கொண்டான். இவற்றிற்கெல்லாம் பணம் வேண்டும். அப்பணம் அமெரிக்காவிலிருந்தே வரவேண்டும். எனவே ஹொசே தெ கால்வெஸ் என்னும் வழக்கறிஞன் 1765இல் மெக்சிக்கோவுக்கு விசேட ஆணையாளனாக அனுப்பப்பட்டான். ஊக்கமும் கண்டிப்பும் நிறைந்த அவன் 1776இல் குடியேற்ற நாடுகள் அனைத்திற்கும் பொறுப்பான மந்திரியானான்.

இவர்கள் செய்த மாற்றங்களுள் நல்லவை இல்லை என்று கூறுதல் நீதியாகாது. பரந்து கிடந்த தென்பாகத்திற்கென 1776இல் புவனோஸ் அயர்ஸ் நகரைத் தலைநகராகக் கொண்டு புதிய இராசப்பிரதிநிதி ஆட்சி ஏற்பட்டது. நெடுங்காலம் ஒரு துறைமுகத்தின் கையிலேயே அடங்கியிருந்த வாணிபம் 1778ஆம் ஆண்டுக் கட்டளையால் ஸ்பெயினிலும் அமெரிக்காவிலும் பல துறைமுகங்களுக்குத் திறந்துவிடப்பட்டது. வெள்ளிச் சுரங்கங்கள் பெருகின. மெக்சிக்கோவின் அரசிறை நூற்றாண்டின் தொடக்கத்தில் ஏறக்குறைய 30 இலட்சம் பெசோவாக இருந்து, இறுதியில் ஏறக்குறைய 2 கோடியாக உயர்ந்தது. கணக்கேட்டைப் பார்ப்பவன் இதனைப் பெருவெற்றி என்றே கூறுவான்.

ஆயினும் அரசாங்கத்தின் கணக்கேடு ஒன்று, குடிமக்களின் அடுப்படி வேறொன்று. புகையிலைச் செய்கையும் விற்பனையும் அரசின் தனியுரிமையாயின. கரும்புச் சாராயமும் அவ்வாறே சில நாடுகளிற் கட்டுப்படுத்தப்பட்டது. பேரு நாட்டில் 100க்கு 2 ஆக இருந்த விற்பனை வரி 1772இல் 4 ஆகவும், 1776இல் 6 ஆகவும் உயர்ந்தது. அதனை அறவிடுவதற்குச் சுங்கச் சாவடிகள் எழுந்தன. 1765இல் கீற்றோ நகரிலும், 1780 சனவரியில் அரெக்கிப்பா நகரிலும் மக்கள் இவற்றைத் தாக்கினர்.

அமெரிக்காவிற் பிறந்த ஸ்பானிய வழியினரான கிரியோலர்க்கு வேறொரு மனத்தாங்கல் இருந்தது. 1751 முதல் 1808 வரை அமெரிக்க உயர் நீதிமன்றங்களில் நிகழ்ந்த 266 நியமனங்களில் 62 மட்டுமே அவர்களுக்குக் கிடைத்தன. பிறந்த மண்ணில் அவர்கள் இரண்டாந்தரக் குடிகளாயினர். 1767இல் யேசு சபைக் குருமார் எவ்வித விசாரணையுமின்றி நாடு கடத்தப்பட்டபோது, தம் பிள்ளைகளின் ஆசிரியர்களையும் பல குடும்பங்கள் இழந்தன. மெக்சிக்கோவின் சுரங்க ஊர்களிற் கலகம் மூண்டது. கால்வெஸ் 85 பேரைத் தூக்கிலிட்டு அதனை அடக்கினான். குடிகள் பிறந்தது வாய்மூடிக் கீழ்ப்படிவதற்கே அன்றி அரசின் காரியங்களைப் பற்றிப் பேசுவதற்கன்று என அந்நாட்டு இராசப்பிரதிநிதி பறைசாற்றினான். அச்சீர்திருத்தங்களின் உயிர்நிலை அவ்வறிவித்தலில் உள்ளது என்பது நம் கருத்து.

மூன்று முறையீடுகள்

மக்கள் உண்மையாகவே வாய் மூடி இருந்தனரா? இல்லை. முதலில் முறையிட்டனர். பின்னரே எழுந்தனர். இதற்கு மூன்று சான்றுகளைக் காண்போம்.

முதலாவது, இன்றைய பொலிவியாவிலுள்ள சயந்தா மாகாணத்தைச் சேர்ந்த தோமாஸ் கத்தாரி என்பவனின் முறையீடு. அரசனுக்குச் சேரவேண்டிய திறைப் பணத்தை உள்ளூர் அதிகாரிகள் விழுங்குகின்றனர் என்பது அவன் குற்றச்சாட்டு. அருகிலிருந்த நீதிமன்றத்தில் நியாயம் கிடையாமையால், 1778இல் மலைகளையும் சமவெளிகளையும் கடந்து தொலைவிலுள்ள புவனோஸ் அயர்ஸ் சென்று இராசப்பிரதிநிதியிடமே அவன் முறையிட்டான். விசாரிக்கும்படி கட்டளையும் பெற்றான். ஊர் திரும்பியவனுக்குக் கிடைத்த பரிசு சிறைவாசம். 1780இல் அவனுடைய மக்கள் மாகாண அதிகாரியைப் பிடித்துவைத்தே தம் தலைவனை மீட்டனர். மீண்டும் பிடிபட்ட கத்தாரி, 1781 சனவரியில் கைதியாகக் கொண்டு செல்லப்படும் வழியிற் கொல்லப்பட்டான்.

இரண்டாவது முறையீடு உலகறிந்தது. குஸ்கோ நகருக்குத் தெற்கேயுள்ள தின்தா மாகாணத்தில் ஹொசே கப்ரியேல் கொந்தோர்கான்கி என்பவன் சுதேச மக்களின் பரம்பரைத் தலைவனாக விளங்கினான். குஸ்கோவில் யேசு சபையார் நடத்திய பாடசாலையிற் கல்வி கற்றவன். கோவேறு கழுதைகளில் வெள்ளி நாட்டுக்கும் கடற்கரைக்கும் சரக்கேற்றிய வணிகன். 1572இல் குஸ்கோ நகரச் சதுக்கத்திலே ஸ்பானியர் தலைகொய்த கடைசி இன்கா மன்னன் தூப்பாக் அமாருவின் வழித்தோன்றல் எனத் தன்னைக் கூறிக்கொண்டு, அப்பெயரையே சூடினான்.

அவனுடைய மக்கள் இரு நுகங்களின் கீழ் இருந்தனர். ஒன்று, மித்தா எனப்பட்ட கட்டாய ஊழியம். குறித்த மாகாணங்களின் ஆண்களில் ஏழிலொரு பங்கினர் முறைவைத்துப் பொத்தோசி வெள்ளிச் சுரங்கத்திற்கு ஆண்டுதோறும் செல்ல வேண்டும். மனைவி மக்களுடன் பல நூறு மைல் நடந்து சென்றவர்களிற் பலர் திரும்பவில்லை. மற்றையது, மாகாண அதிகாரி கழுதைகளையும் துணிகளையும் சந்தை விலைக்கு மிஞ்சிய விலையில் மக்கள் தலையிற் கட்டும் பலவந்த விற்பனை. வேண்டாமென்று மறுக்கும் உரிமை வாங்குபவனுக்கில்லை. 1777இல் தூப்பாக் அமாரு லீமா நகருக்குச் சென்று, தன் மக்களைப் பொத்தோசி ஊழியத்திலிருந்து விடுவிக்குமாறு மனுக் கொடுத்தான். அவ்வாண்டு வந்திறங்கிய விசேட ஆணையாளன் அரேச்சே அதனை ஏற்கவில்லை.

மூன்றாண்டுகள் கழிந்தன. 1780 நவம்பர் 4ஆம் நாள், அரசனின் பெயர்த் திருநாளன்று, மாகாண அதிகாரி அர்ரியாகாவைத் தூப்பாக் அமாரு சிறைப்பிடித்தான். 10ஆம் நாள் துங்கசூக்கா ஊர்ச் சதுக்கத்தில் அவனைத் தூக்கிலிட்டான். அதனை அரசனின் கட்டளைப்படியே செய்வதாக அறிவித்தான் என்பது கவனிக்கத்தக்கது. கொடிய அதிகாரிகள் இடையில் நின்று மறைக்கின்றனர், நல்ல அரசன் அப்பால் இருக்கின்றான் என்ற நம்பிக்கை அம்மக்களை இன்னும் விட்டகலவில்லை. சில நாட்களில், தன்னோடு சேரும் அடிமைகளுக்கு விடுதலை என்றும் அறிவித்தான்.

நவம்பர் 18ஆம் நாள் சங்கராரா என்னுமிடத்தில் அரச படை அழிந்தது. படையினர் புகுந்திருந்த தேவாலயம் எரிந்தது. குஸ்கோ மேற்றிராணியார் அவனைத் திருச்சபையினின்று விலக்கினார். கிரியோலர் அஞ்சி ஒதுங்கினர். குஸ்கோவை உடனே தாக்கவேண்டுமென்று அவன் மனைவி மிக்காயேலா பஸ்திதாஸ் மடல் எழுதி வற்புறுத்தினாள். படைக்கு உணவும் ஆயுதமும் திரட்டியவள் அவளே. அவன் தாமதித்தான். சனவரியில் நகரை முற்றுகையிட்டபோது காலம் கடந்துவிட்டது. நகரைக் காத்தவர்களுள் சுதேச மக்களின் தலைவர்களும் இருந்தனர். அவர்களுள் முதல்வன் சின்செரோ ஊரின் மத்தேயோ பூமகாவா. ஏப்ரலிற் காட்டிக்கொடுக்கப்பட்டுத் தூப்பாக் அமாரு பிடிபட்டான். 1781 மே 18ஆம் நாள், அவன் கண்முன்னே மனைவியும் மூத்த மகனும் கொல்லப்பட்டனர். பின்னர் அவன் கைகால்களை நான்கு குதிரைகளிற் பிணைத்து இழுத்தனர். உடல் பிரியாமையால் தலையை வெட்டினர். இருநூறு ஆண்டுகளுக்கு முன் கடைசி இன்கா மாண்ட அதே சதுக்கம்!

தெற்கே தூப்பாக் கத்தாரி என்பவன் லா பாஸ் நகரை 109 நாள் முற்றுகையிட்டான். அவனும் அவ்வாண்டு நவம்பரிற் கொல்லப்பட்டான். இக்குழப்பங்களில் ஒரு இலட்சம் பேர் வரையில் மாண்டனர் என்பது பலர் கொண்ட மதிப்பீடு.

மூன்றாவது முறையீடு இன்றைய கொலம்பியாவில் நிகழ்ந்தது. 1781 மார்ச் 16ஆம் நாள், சொக்கோரோ என்னும் ஊரின் சந்தையில், புதிய வரியை அறிவித்த கட்டளைப் பத்திரத்தை மனுவேலா பெல்த்திரான் என்ற பெண் கிழித்தெறிந்தாள். புகையிலைச் செய்கை தடைசெய்யப்பட்டதால் ஏற்கெனவே வாடியிருந்த ஊர் அது. அரசன் வாழ்க, கெட்ட ஆட்சி ஒழிக என்னும் முழக்கத்துடன் ஏறக்குறைய 20,000 பேர் தலைநகரை நோக்கி நடந்தனர். பொகொத்தாவைக் காக்கப் போதிய படை இல்லை. சிப்பாக்கிரா என்னுமிடத்தில் அதிமேற்றிராணியார் கபல்யேரோ இ கோங்கோரா அவர்களைச் சந்தித்தார். வரிக்குறைப்பு, தனியுரிமை நீக்கம், நாட்டிற் பிறந்தோர்க்குப் பதவி, சுதேசிகளின் நிலவுரிமை முதலியன அடங்கிய 35 கோரிக்கைகளை அரசின் பிரதிநிதிகள் ஏற்று, வேதப் புத்தகத்தைத் தொட்டுச் சத்தியஞ் செய்தனர். மக்கள் மகிழ்ந்து வீடு திரும்பினர். படை வந்து சேர்ந்ததும், பலவந்தத்தாற் பெற்ற வாக்குச் செல்லாதென இராசப்பிரதிநிதி அறிவித்தான். அதனை ஏற்காது மீண்டும் எழுந்த ஹொசே அந்தோனியோ காலான் 1782 பெப்ரவரியிற் கொல்லப்பட்டான். அவ்வாண்டே அதிமேற்றிராணியார் இராசப்பிரதிநிதி ஆனார்.

காலங்கடந்த கொடை

அடக்கியபின் அரசு செய்தவற்றை நோக்குவோம். பலவந்த விற்பனை ஒழிக்கப்பட்டது. 1784இல் பேருவின் பழைய மாகாண அதிகாரிகள் நீக்கப்பட்டு, புதிய ஆட்சியாளர் நியமிக்கப்பட்டனர். தூப்பாக் அமாரு கேட்டவாறே 1787இல் குஸ்கோவுக்கு உயர் நீதிமன்றமும் கிடைத்தது. தாளில் எழுதிக் கேட்டபோது மறுத்தவற்றுட் சிலவற்றை, குருதியில் எழுதியபின் அரசே கொடுத்தது. ஆறின கஞ்சி பழங் கஞ்சி என்பார்கள். அக்கொடையால் நன்றி விளையவில்லை.

விளையாமைக்குக் காரணமும் உண்டு. ஒரு கையாற் கொடுத்த அரசு மறு கையாற் பறித்தது. இன்காக்களின் உடை, அவர்களின் ஓவியங்கள், அவர்களைப் பற்றிய நாடகங்கள், மாண்ட மன்னருக்காக அணியும் கரிய துக்க உடை ஆகிய யாவும் அரேச்சேயின் தீர்ப்பினால் விலக்கப்பட்டன. விழாக்களிற் சங்கு ஊதுதலுங்கூடத் தடையாயிற்று. மக்கள் தம் கெச்சுவா மொழியை விட்டு ஸ்பானிய மொழி பேச வேண்டுமெனவும் கட்டளை பிறந்தது. மன்னிப்பை நம்பிச் சிக்குவானி என்னும் ஊரிற் சரணடைந்த தூப்பாக் அமாருவின் ஒன்றுவிட்ட சகோதரன் தியேகோ கிரிஸ்தோபல் 1783இற் கொல்லப்பட்டான். இன்னொரு சகோதரன் ஹுவான் பௌதிஸ்தா, ஏறக்குறைய நாற்பதாண்டுச் சிறைவாசத்தின் பின் 1822இற் கிழவனாகப் புவனோஸ் அயர்ஸ் வந்து சேர்ந்தபோது, அங்கே ஸ்பானியக் கொடி இல்லை.

இனிப் பூமகாவாவின் கதையையும் கூறவேண்டும். தூப்பாக் அமாருவை எதிர்த்து அரசனைக் காத்த அவன், பட்டமும் பதவியும் பெற்று முதுமையடைந்தான். 1812இல் ஸ்பெயினின் காதிஸ் நகரில் ஓர் அரசியலமைப்பு ஆக்கப்பட்டது. அதனை நடைமுறைப்படுத்துக எனக் குஸ்கோ மக்கள் மனுக் கொடுத்தனர். அதிகாரிகள் பழையபடி செவிசாய்க்காது மனுதாரரைச் சிறையிட்டனர். 1814இற் குஸ்கோ எழுந்தபோது, எழுபது வயது கடந்த பூமகாவா கிளர்ச்சிக்காரரின் பக்கம் நின்றான்! 1815 மார்ச்சில் அதே சிக்குவானியில் அவன் கொல்லப்பட்டான். மிக விசுவாசமான குடியையும் எதிரியாக்கிய அரசு எத்தனை காலம் நிலைக்கும்? 1824 டிசம்பரில் அயாகூச்சோ மலைவெளியில் ஸ்பானியப் படை தோற்றது.

எனவே, நாம் தொடக்கத்தில் எழுப்பிய வினாவிற்கு விடை இதுவே. ஸ்பானியர் செய்த திருத்தங்கள் திறமையானவை. ஆனால் அவை யாருக்காகச் செய்யப்பட்டனவோ அவர்களை ஒருவரும் கேட்கவில்லை. கேளாது செய்த நன்மையும் சுமையாகவே தோன்றிற்று. முறையிட்டவன் தண்டிக்கப்பட்டபோது அச்சுமை பகையாயிற்று. கிளர்ச்சியாளரும் ஒருவர் முறையீட்டை ஒருவர் கேட்டாரல்லர். கிரியோலர் சுதேசிகளை அஞ்சினர். சுதேசித் தலைவர்கள் தம்முட் பகைத்தனர். அதனாலேயே அவர்தம் விடுதலை ஒரு தலைமுறை பிந்தியது.

பெரியோர் சொல்லைக் கேட்டல் இளையோர் கடனென்று நமக்குச் சிறுவயதிலேயே கற்பிக்கப்பட்டது. இளையோரும் எளியோரும் தாளில் எழுதிக் கேட்கும்போதே அதனைக் கேட்டல் பெரியோரின் கடன் என்பதை அந்த மலைநாட்டு வரலாறு கற்பிக்கிறது. நாடாள்வோர்க்கும் சங்கம் நடத்துவோர்க்கும் இது பொது.