ஈர்ப்பை மறைத்த பொருளும் காலத்தைக் காத்த கல்லும்: கேவரைட், தோரியனைட் குறித்த ஒரு வரலாற்று நோக்கு

முன்னுரை

எடையை நீக்கும் பொருள், காலத்தை வளைக்கும் கனிமம் ஆகியவை இன்றைய அறிவியல் புனைகதைகளிலும் திரைப்படங்களிலும் மிகுதியாகக் காணப்படுகின்றன. இவற்றைக் கட்டற்ற கற்பனையின் விளைவாகக் கருதுவதே வழக்கம். ஆனால் இத்தகைய பொருள் ஒவ்வொன்றும் தன் காலத்து ஆய்வுக்கூடத்தில் பேசப்பட்ட ஒரு கனிமத்தின் சாயலைக் கொண்டிருந்தது. அக்கனிமங்கள் எந்த மண்ணிலிருந்து வந்தன என்பதைக் கதைகள் பெரும்பாலும் கூறுவதில்லை. எச்.ஜி. வெல்ஸ் படைத்த கேவரைட் என்னும் பொருளையும், இலங்கையில் கண்டறியப்பட்ட தோரியனைட் என்னும் கனிமத்தையும் இணைத்து நோக்கி இக்கூற்றை நிறுவ இக்கட்டுரை முயல்கிறது.

காந்தக்கல் முதல் லூனேரியம் வரை

ஜொனாதன் ஸ்விஃப்டின் ‘கல்லிவரின் பயணங்கள்’ (1726) நூலில் வரும் லபுட்டா என்னும் தீவு ஒரு பெரும் காந்தக்கல்லின் ஆற்றலால் வானில் மிதக்கிறது. வில்லியம் கில்பர்ட் 1600இல் காந்தக்கல் பற்றி எழுதிய நூலின் தாக்கம் நீடித்த காலம் அது. அக்கல்லின் ஆற்றல் மன்னனின் ஆட்சி எல்லைக்குள் மட்டுமே செயல்படும். கலகம் செய்யும் ஊரின்மீது தீவை இறக்கி அதனை நசுக்கவும் மன்னனால் இயலும். ஈர்ப்பை ஆளும் கல் தொடக்கத்திலேயே ஓர் ஆட்சிக் கருவியாகப் படைக்கப்பட்டது குறிப்பிடத்தக்கது.

ஜார்ஜ் டக்கர் ‘ஜோசப் அட்டர்லி’ என்னும் புனைபெயரில் 1827இல் வெளியிட்ட நிலாப் பயணக் கதையில், புவியை விட்டு விலகிச் செல்லும் இயல்புடைய லூனேரியம் என்னும் உலோகம் இடம்பெறுகிறது. அதன் மறையை அறிந்தவர் பர்மாவில் வாழும் ஒரு பிராமணத் துறவி. முதலாம் ஆங்கில-பர்மியப் போர் முடிந்த மறு ஆண்டில் வெளிவந்த கதை இது. அரிய உலோகம் கீழை நாட்டில் கிடைக்கும் என்ற எண்ணம் அமெரிக்க வாசகருக்கு அப்போது வியப்பளித்திராது.

கேவரைட்டும் ஹீலியமும்

வெல்ஸின் ‘நிலவில் முதல் மனிதர்கள்’ (1901) புதினத்தில் வரும் கேவரைட், தோண்டியெடுக்கப்படும் கனிமம் அன்று. உருக்கிச் செய்யப்படும் கலவை. ஒளியைத் தடுக்கும் திரைபோல அது ஈர்ப்பைத் தடுக்கிறது. கேவர் என்னும் அறிவியலர் அதனை அறிவின்பொருட்டே நாடுகிறார். அவருடன் சேரும் பெட்ஃபோர்ட், தொழிலில் நொடித்துப்போனவன்; பொருளைப் பற்றிக் கேள்விப்பட்டதும் நிறுவனங்களையும் தனியுரிமைகளையும் கனவு காண்கிறான். இறுதியில் நிலவிலிருந்து அவன் கொண்டுவருவது தங்கம்!

இக்கலவையில் ஹீலியமும் ஒரு கூறாகச் சுட்டப்படுகிறது. லண்டனிலிருந்து மூடிய கற்சாடிகளில் அது வந்துசேர்ந்ததாகக் கதைசொல்லி கூறுகிறான். போகிறபோக்கில் சொல்லப்படும் இச்செய்தியே இங்கு முதன்மையானது. 1868 ஆகஸ்ட் 18இல் நிகழ்ந்த முழுச் சூரிய கிரகணத்தின்போது, சென்னை மாகாணத்தைச் சேர்ந்த குண்டூரில் பிரெஞ்சு வானியலர் ழான்சென் சூரியத் தழல்களின் நிறமாலையை ஆராய்ந்தார். அவ்வாண்டிலேயே இங்கிலாந்தில் நார்மன் லாக்கியர் கண்ட மஞ்சள் நிறக் கோடு, பின்னர்ப் புதிய தனிமம் ஒன்றுக்கு உரியதாகக் கொள்ளப்பட்டது. 1895இல் வில்லியம் ராம்சே, கிளீவைட் என்னும் யுரேனியக் கனிமத்தை அமிலத்தில் இட்டு, வெளிப்பட்ட வளிமத்தில் அதே கோட்டைக் கண்டார். சூரியனுக்கே உரியது எனக் கருதப்பட்ட பொருள் ஒரு கல்லுக்குள் இருந்தது. விண்வெளிக்குச் செல்லும் கலத்திற்கு வெல்ஸ் இத்தனிமத்தைத் தேர்ந்தது பொருத்தமே.

வெல்ஸின் ‘கால எந்திரம்’ வெளிவந்ததும் அதே 1895இல்தான். அவ்வெந்திரத்தில் குவார்ட்சுப் படிகத் தண்டு உண்டு; ஆயினும் அது காலத்தை எவ்வாறு கடக்கிறது என்பது விளக்கப்படவில்லை. வெல்ஸ் காலத்தை ஒரு நூலிலும் ஈர்ப்பை மற்றொரு நூலிலும் தனித்தனியே வைத்தார். ஈர்ப்பு மிகுந்த இடத்தில் கடிகாரம் மெதுவாக ஓடும் என்பதை ஐன்ஸ்டைனின் பொதுச் சார்பியல் கோட்பாடு (1915) உணர்த்திய பின்னரே இரண்டும் இயற்பியலில் ஒன்றாயின. ஹார்வர்டு பல்கலைக்கழகத்தில் 22.5 மீட்டர் உயர வேறுபாட்டில் பவுண்டும் ரெப்காவும் செய்த சோதனை 1960இல் இதனை உறுதிசெய்தது. ஈர்ப்பை வளைக்கும் கனிமம் காலத்தையும் வளைக்க வேண்டும் என்று இன்றைய கதாசிரியர் எழுதுவதற்கு இதுவே அடிப்படை.

பலாங்கொடைச் சரளை

கேவரைட் வெளிவந்து மூன்றாண்டுகள் கழித்து, இலங்கையின் பலாங்கொடைப் பகுதியில் மணிக்கல் தேடி அலசப்பட்ட ஆற்றுச் சரளையிலிருந்து கரிய கனசதுரப் படிகங்கள் ஆய்வுக்கு வந்தன. அப்போது இலங்கைக் கனிம ஆய்வுத்துறையின் இயக்குநராக இருந்தவர் ஆனந்த குமாரசுவாமி. கலை வரலாற்றறிஞராகவே தமிழுலகம் அறிந்த இவர், யாழ்ப்பாணத் தமிழ் மரபில் வந்த சர் முத்து குமாரசுவாமியின் மகன், பயிற்சியால் நிலவியலர். அவர் அக்கல்லை முதலில் யுரேனினைட் எனக் கருதினார். லண்டனில் விண்டம் டன்ஸ்டன் செய்த பகுப்பாய்வில் தோரியம் ஆக்சைடே மிகுதி எனத் தெரிந்தது. 1904இல் தோரியனைட் எனப் பெயரிடப்பட்டது. கல் இலங்கையிலும் பெயர் லண்டனிலுமாக அமைந்தது அக்காலத்துக் குடியேற்ற அறிவியலின் இயல்பான நடைமுறை.

கேவரைட் எடையை அழிக்கும் பொருள். தோரியனைட்டோ நீரைப்போல் ஒன்பது மடங்குக்கும் மேலான அடர்த்தி உடையது. ஆயினும் அக்கனத்த கல் தன் கனஅளவைப்போல் பன்மடங்கு ஹீலியத்தைத் தன்னுள் அடக்கியிருந்தது. ராம்சேயின் ஆய்வுக்கூடத்தில் 1905இல் ஓட்டோ ஹான் ரேடியோதோரியத்தைக் கண்டறிந்ததும் இலங்கைத் தோரியனைட்டிலிருந்தே.

அந்த ஹீலியம் கல்லுக்குள் எவ்வாறு வந்தது? கதிரியக்கச் சிதைவில் ஹீலியம் உருவாகிறது என்பதை 1903இல் ராம்சேயும் ஃபிரெடெரிக் சாடியும் காட்டியிருந்தனர். உருவாகும் வீதம் தெரிந்தால், தேங்கிய அளவைக்கொண்டு கல்லின் வயதைக் கணிக்கலாம் என்பது ரூதர்ஃபோர்டின் கருத்து. ஆர்.ஜே. ஸ்ட்ரட் தோரியனைட்டில் ஹீலியம் உருவாகும் வீதத்தை நேரடியாக அளந்து, 1910இல் அதன் குறைந்தபட்ச வயதை வெளியிட்டார். ஹீலியத்தில் ஒரு பகுதி கசிந்து போயிருக்கக்கூடும் என்பதால் ‘குறைந்தபட்சம்’ என்னும் அடைமொழி தேவைப்பட்டது. புவியின் வயது 2 கோடி முதல் 4 கோடி ஆண்டுகளே என 1897இல் கெல்வின் வகுத்த எல்லையை, இலங்கைச் சரளையில் கிடைத்த இக்கல் பன்மடங்கு தாண்டியது.

வெல்ஸும் இவ்வறிவைப் பின்தொடர்ந்தார். சாடியின் ரேடியம் பற்றிய நூலுக்குக் காணிக்கையாக்கிய ‘விடுதலை பெற்ற உலகம்’ (1914) புதினத்தில் அவர் கரோலினம் என்னும் கற்பனைத் தனிமத்தைப் படைத்தார். அது ஈர்ப்பைத் தடுப்பதில்லை. அணுகுண்டாக வீசப்பட்ட பின் அதன் ஆற்றல் 17 நாட்களுக்கு ஒருமுறை பாதியாகக் குறைகிறது. எனினும் முற்றாக அணைவதில்லை. குண்டு விழுந்த நகரங்கள் தொடர்ந்து எரிந்துகொண்டே இருக்கின்றன.