மாண்ட ஈடு: வீட்டுக் கடனின் முழு விலை பற்றிய ஒரு வரலாற்று நோக்கு

வீட்டையோ நிலத்தையோ ஈடாக வைத்துக் கடன் பெறுவதை ஆங்கிலேயர் ‘மார்ட்கேஜ்’ என்பர். பழைய பிரெஞ்சிலிருந்து வந்த இச்சொல்லின் நேர்ப்பொருள் ‘மாண்ட ஈடு’ என்பதாகும். ஈட்டுக்கும் சாவுக்கும் என்ன தொடர்பு? இக்கேள்விக்கு ஆங்கிலச் சட்ட வரலாற்றில் இரண்டு விடைகள் கிடைக்கின்றன. பதினைந்தாம் நூற்றாண்டைச் சேர்ந்த லிட்டில்டன் தந்த விடை பலரும் அறிந்தது. குறித்த நாளில் கடனைச் செலுத்தத் தவறினால் நிலம் கடன் பட்டவருக்கு மாண்டுபோகிறது. செலுத்திவிட்டால் கடன் கொடுத்தவருக்கு மாண்டுபோகிறது என்பது அவர் விளக்கம்.

அவருக்கு ஏறத்தாழ முந்நூறு ஆண்டுகள் முற்பட்ட விடை இதைவிட ஆழமானது. 1180களின் இறுதியில் எழுதப்பட்டு, கிளான்வில் என்பவர் பெயரால் வழங்கும் சட்ட நூல், ஈட்டை இரண்டாகப் பிரிக்கிறது. ஈடாகப் பெற்ற நிலத்தின் விளைச்சலும் வருவாயும் கடனில் கழிக்கப்படுமாயின் அது நேர்மையான ஒப்பந்தம். விளைச்சலைக் கடன் கொடுத்தவர் உண்டுகொண்டேயிருக்க, கடன் மட்டும் ஒரு காசும் குறையாமல் நிற்குமாயின் அது மாண்ட ஈடு. அரசரின் நீதிமன்றம் இரண்டாவதைத் தடுக்கவில்லை. எனினும் அது நேர்மையற்றது, வட்டியின் ஒரு வகை என்றே அந்நூல் மதிப்பிட்டது. அத்தகைய ஈட்டைக் கையில் வைத்தவாறே ஒருவர் இறந்து, அது மெய்ப்பிக்கப்பட்டால், அவருடைய உடைமைகள் வட்டி வாங்குபவரின் உடைமைகளைப் போலவே நடத்தப்பட்டன.

செலுத்தும் ஒவ்வொன்றும் கடனைக் குறைக்கிறதா, இல்லையா? எண்ணூறு ஆண்டுகளுக்கு முன் எழுப்பப்பட்ட இக்கேள்வியே இன்று வீட்டுக் கடன் பத்திரத்தில் கையொப்பமிடும் எவரும் எழுப்ப வேண்டிய முதற்கேள்வியாகும்.

ஃபிக்ஹு நூல்களும் ஒற்றியும்

இதே கேள்வியை நம்முடைய ஃபகீஹ்கள் ‘ரஹ்ன்’ என்னும் தலைப்பின்கீழ் மிக விரிவாக ஆராய்ந்துள்ளனர். ஈடு வைப்பது ஆகுமானது என்பதில் கருத்து வேறுபாடு இல்லை. நபிகள் நாயகம் (ஸல்) அவர்கள் மதீனாவில் ஒரு யூதரிடம் முப்பது ஸாஉ வாற்கோதுமைக்காகத் தம் கவசத்தை ஈடு வைத்திருந்தார்கள் என்பதும், அவர்கள் மறைந்தபோதும் அது மீட்கப்படாமலிருந்தது என்பதும் ஸஹீஹுல் புகாரியில் பதிவான செய்தி. ஈட்டுப் பொருளின் பயன் யாருக்கு என்பதே ஆய்வுக்குரியதாயிற்று. ஈடு வைக்கப்பட்ட வாகனப் பிராணிக்குத் தீனி போடுபவர் அதற்கு ஈடாக அதில் ஏறிச் செல்லலாம் என்ற ஹதீஸை ஹன்பலி மத்ஹபினர் செலவளவுக்கு உட்பட்ட அனுமதியாகக் கொண்டனர். ஷாஃபிஈ மத்ஹபில் பயன் ஈடு வைத்தவருக்கே உரியது. வீட்டை ஈடாகப் பெற்றவர் வாடகையின்றி அதில் குடியிருந்து, பின் கொடுத்த பணத்தை முழுமையாகத் திரும்பப் பெறுவதைக் கடன் ஈட்டித்தந்த ஆதாயமாகவே பெரும்பான்மையோர் கருதினர்.

ஆயினும் மக்களின் தேவை வேறு வழிகளைத் தேடிற்று. புகாரா, பல்க் பகுதிகளில் ‘பைஉல் வஃபா’ என்ற வழக்கம் தோன்றியது. வீட்டை விற்பதாக எழுதுவர். விலையைத் திருப்பித் தந்தால் வீட்டைத் திருப்பித் தருவதாக வாங்கியவர் வாக்களிப்பார். இடைப்பட்ட காலத்தில் அவரே அதை அனுபவிப்பார். பிற்கால ஹனஃபி அறிஞர்களிடையே இது விற்பனையா, ஈடா என்ற விவாதம் நெடுங்காலம் நடந்தது. உதுமானியப் பேரரசின் ‘மஜல்லா’ சட்டத் தொகுப்பு 118ஆம் பிரிவில் இதை விற்பனையின் தன்மையும் ஈட்டின் தன்மையும் கலந்த ஒன்றாக வரையறுத்தது. ஜித்தாவின் சர்வதேச இஸ்லாமிய ஃபிக்ஹு அகாடமியோ 1992இல், இதன் உண்மை ஆதாயம் தரும் கடனே எனக் கூறி, ஆகாது எனத் தீர்மானித்தது.

தமிழகத்தில் ‘ஒற்றி’, ‘போக்கியம்’ என்ற சொற்கள் வழங்கும் ஏற்பாடும் இவ்வினத்தைச் சேர்ந்ததே. 1882ஆம் ஆண்டின் சொத்து மாற்றச் சட்டம் தன் 58ஆம் பிரிவில் அனுபவ ஈட்டை வரையறுக்கும்போது, வருவாயை வட்டிக்காகவோ, அசலுக்காகவோ, இரண்டுக்குமாகவோ கழித்துக்கொள்ளலாம் என்கிறது. கிளான்வில் நூல் பிரித்துக் காட்டிய இருவகையையும் இச்சட்டம் ஒரே வாக்கியத்தில் அடக்கிவிட்டது எனலாம்.

நம் ஊர்களில் வட்டி வேண்டாம் என்று விலகுபவர்களுள் சிலர் வீட்டை ‘ஒத்திக்கு’ விடுகின்றனர். மாதம் 6,000 ரூபாய் வாடகை பெறக்கூடிய ஒரு வீட்டை ஐந்து லட்சம் ரூபாய்க்கு ஒத்தி வைப்பதாகக் கொள்வோம். வீட்டுக்காரர் ஆண்டுக்கு இழக்கும் வாடகை 72,000 ரூபாய். பெற்ற தொகையில் இது நூற்றுக்கு 14.4. மூன்றாண்டு முடிவில் ஐந்து லட்சமும் அப்படியே திருப்பித் தரப்பட வேண்டும். வட்டி என்ற சொல் எங்கும் எழுதப்படவில்லை. விலை மட்டும் கொடுக்கப்பட்டுவிட்டது.

தவணை முறையின் தோற்றம்

இன்று நாம் அறிந்த நீண்டகாலத் தவணைக் கடனுக்கு வயது மிகக் குறைவு. 1775இல் இங்கிலாந்தின் பர்மிங்காமில், கெட்லி என்பவரின் விடுதியில் தொடங்கிய கட்டடச் சங்கம் அதன் முன்னோடிகளுள் ஒன்று. உறுப்பினர்கள் மாதந்தோறும் பணம் சேர்த்து, ஒருவர்பின் ஒருவராக வீடு பெற்று, அனைவரும் பெற்றபின் சங்கத்தைக் கலைத்துவிடும் ஏற்பாடு அக்காலச் சங்கங்களில் இருந்தது. 1831இல் இம்முறை அமெரிக்காவின் பிலடெல்பியாப் பகுதியை எட்டியது.

எனினும் 1930கள்வரை அமெரிக்காவில் பெருமளவு வீட்டுக் கடன்கள் மூன்று முதல் ஐந்து ஆண்டுகளுக்கே வழங்கப்பட்டன. வீட்டு விலையில் ஏறத்தாழப் பாதிதான் கடனாகக் கிடைக்கும். கடன் பட்டவர் வட்டியை மட்டும் செலுத்திவந்து, தவணை முடிவில் அசல் முழுவதையும் ஒருசேரக் கட்ட வேண்டும். இயலாதபோது கடனைப் புதுப்பித்துக்கொள்வார். பெருமந்தத்தில் வங்கிகள் புதுப்பிக்க மறுத்தன. 1933இல் நாளொன்றுக்குச் சுமார் ஆயிரம் வீடுகள் பறிமுதலாயின. அவ்வாண்டு அமைக்கப்பட்ட வீட்டு உரிமையாளர் கடன் கழகம் ஏறத்தாழப் பத்து லட்சம் கடன்களை 5 விழுக்காட்டில், பதினைந்தாண்டுத் தவணைகளாக மாற்றியமைத்தது. 1934ஆம் ஆண்டின் தேசிய வீட்டுவசதிச் சட்டம் இருபதாண்டுக் கடனுக்கு அரசின் காப்புறுதியை அளித்தது. இரண்டாம் உலகப் போருக்குப் பின் அது முப்பது ஆண்டுகள்வரை நீண்டது.

இம்மாற்றம் கோடிக்கணக்கானோருக்கு நிழல் தந்தது என்பதை மறுப்பதற்கில்லை. ஒவ்வொரு தவணையிலும் அசலின் ஒரு பகுதி கழிவதால், கிளான்வில் கண்டித்த குறை நீங்கியதாகவும் தோன்றும். ஆனால் காலம் நீள நீள, விலை காலத்துக்குள் ஒளிந்துகொண்டது.

முப்பது லட்சம் ரூபாய்க் கடனை 9 விழுக்காட்டில் எடுத்துக்கொள்வோம். பதினைந்தாண்டில் அடைத்தால் மாதத் தவணை சுமார் 30,430 ரூபாய்; மொத்தம் 54.77 லட்சம். இருபதாண்டில் தவணை 26,992, மொத்தம் 64.78 லட்சம். முப்பதாண்டில் தவணை 24,139, மொத்தம் 86.90 லட்சம். இருபதை முப்பதாக்குவதால் மாதச் சுமை 2,853 ரூபாய் குறைகிறது. மொத்தச் சுமையோ 22 லட்சம் கூடுகிறது.

இருபதாண்டுக் கடனின் முதல் தவணையைப் பிரித்துப் பார்த்தால், 26,992 ரூபாயில் 22,500 வட்டிக்குப் போகிறது. அசலில் கழிவது 4,492 மட்டுமே. பத்தாண்டு தவறாமல் கட்டியவர் 32.39 லட்சம் செலுத்தியிருப்பார். எனினும் 21.31 லட்சம் கடன் நிற்கும். பாதி அசல் தீரப் பதினான்கு ஆண்டுகள் ஆகும். ஈடு உயிர்பெற்றுவிட்டது உண்மை. முதல் ஆண்டுகளில் அதன் மூச்சு மிக மெல்லியது.

மொத்தத்தைச் சொல்லாத சட்டம்

இவ்விலையை மக்களுக்குச் சொல்ல வேண்டும் என்ற எண்ணத்தில் அமெரிக்கா 1968இல் ‘கடன் வழங்கலில் உண்மை’ச் சட்டத்தை இயற்றியது. கடனின் ஆண்டு விகிதத்தையும், கடனுக்காகச் செலுத்தும் மொத்தக் கட்டணத்தையும் எழுத்தில் தர வேண்டும் என அது விதித்தது. வியப்புக்குரிய விலக்கு ஒன்றும் அதிலேயே இருந்தது. வீடு வாங்குவதற்காக அவ்வீட்டையே முதல் ஈடாக வைத்துப் பெறும் கடனுக்கு மொத்தக் கட்டணத்தைத் தொகையாகக் காட்டத் தேவையில்லை! குளிர்பதனப் பெட்டிக்கு வாங்கிய கடனில் காட்டியாக வேண்டிய தொகையை, ஒரு குடும்பம் வாழ்நாளில் படும் மிகப்பெரிய கடனில் காட்டாமல் விடலாம். 1980இல் சட்டம் திருத்தப்பட்டபோதே இவ்விலக்கு நீங்கியது. 2015 முதல், முழுக் காலத்திலும் செலுத்தும் வட்டி கடன் தொகையில் எத்தனை விழுக்காடு என்பதையும் அங்கு எழுதித் தருகின்றனர்.

மலேசிய வழக்கு தந்த பாடம்

வட்டியைத் தவிர்க்க எழுந்த இஸ்லாமிய வங்கிமுறையும் இக்கேள்விக்கு விடை சொல்லியாக வேண்டியிருந்தது. மலேசியாவில் 1983இல் முதல் இஸ்லாமிய வங்கி தொடங்கிய பின், ‘பைஉ பிதமன் ஆஜில்’ என்னும் தவணை விற்பனை வீட்டு நிதியின் முதன்மை வடிவமாயிற்று. வங்கி வீட்டை வாங்கி, இலாபம் சேர்த்த விலைக்கு வாடிக்கையாளருக்கு விற்கும். விலை தொடக்கத்திலேயே அறுதியாகும்.

2006இல் அந்நாட்டுச் சட்ட அறிக்கைகளில் வெளியான உயர்நீதிமன்றத் தீர்ப்பு ஒன்று பலரை விழிக்கச் செய்தது. 3,94,172 ரிங்கிட் நிதிக்கு, இருபத்தைந்தாண்டுத் தவணையில் அறுதியிட்ட விற்பனை விலை 9,92,363 ரிங்கிட். வாடிக்கையாளர் 33,454 ரிங்கிட் செலுத்தியபின் தவறினார். எஞ்சிய 9,58,909 ரிங்கிட்டையும் வங்கி கோரியது. விற்பனை விலை ஒப்புக்கொள்ளப்பட்டதே என்பது அதன் வாதம். இன்னும் கழியாத ஆண்டுகளுக்கான இலாபத்தை இன்றே கேட்பது தகாது, வட்டிக் கடன் பட்டவரைவிட இவர் மோசமான நிலைக்குத் தள்ளப்படுகிறார் எனக் கருதிய நீதிபதி, கழிந்த காலத்துக்கு மட்டுமே இலாபத்தைக் கணக்கிட்டார். பின்னர் 2009இல் மேல்முறையீட்டு நீதிமன்றம் வேறொரு வழக்கில் இத்தவணை விற்பனையின் செல்லுந்தன்மையை உறுதிசெய்தது. முன்கூட்டி முடியும் ஒப்பந்தங்களில் ‘இப்ரா’ எனப்படும் தள்ளுபடியை அளிப்பதை மலேசிய மத்திய வங்கி பின்னாளில் கட்டாயமாக்கியது.

அவ்வெண்களைக் கணக்கிட்டுப் பார்த்தால், 9 விழுக்காட்டு வட்டிக் கடனின் இருபத்தைந்தாண்டு மொத்தத்தோடு அவை அப்படியே பொருந்துகின்றன. விற்பனைக்கும் வட்டிக்கும் ஷரீஅத்தில் உள்ள வேறுபாடு அடிப்படையானது. அதை இந்த ஒற்றுமை அழித்துவிடாது. ஆனால், ஒப்பந்தத்தின் பெயர் மாறியதால் குடும்பத்தின் சுமை தானாகக் குறையாது என்பதை இது உணர்த்துகிறது. ‘முஷாரகா முதனாகிஸா’ என்னும் குறைந்துசெல்லும் கூட்டு உரிமை முறையிலும் வாடகை பெரும்பாலும் சந்தை வட்டி விகிதத்தை ஒட்டியே அறுதியாகிறது. சில நாடுகளில் வரிச் சட்டமும் சுமையைக் கூட்டியது. வங்கி ஒருமுறை, வாடிக்கையாளர் ஒருமுறை எனப் பிரிட்டனில் இரட்டிப்பாக விழுந்த முத்திரை வரி 2003ஆம் ஆண்டின் நிதிச் சட்டத்தால்தான் நீங்கியது.

நம் முன்னுள்ள கணக்கு

இந்தியாவில் 1977இல் வீட்டுக் கடனுக்கென்றே தனியார் நிறுவனம் தோன்றிய பின், நடுத்தரக் குடும்பங்களுக்கு இக்கடன் எட்டியது. சென்னை, மும்பை, கல்கத்தா நகரங்களுக்கென 1882ஆம் ஆண்டுச் சட்டம் குறிப்பிட்ட, அசல் பத்திரத்தை ஒப்படைத்து ஈடு வைக்கும் முறையே இன்று பரவலான வடிவம். இங்குள்ள தனிச்சிக்கல் மாறும் வட்டி. வட்டி ஏறும்போது தவணைத் தொகையை மாற்றாமல் காலத்தை நீட்டுவது வங்கிகளின் வழக்கமாக இருந்தது. மேற்சொன்ன கடனில் தொடக்கத்திலேயே வட்டி 9இலிருந்து 10 ஆகி, தவணை மட்டும் 26,992 ஆகவே நின்றால், 240 மாதங்கள் 314 ஆகும். ஆறாண்டுக்கு மேற்பட்ட இந்நீட்சியின் விலை ஏறத்தாழ இருபது லட்சம். மே 2022 முதல் பிப்ரவரி 2023 வரை ரிசர்வ் வங்கியின் ரெப்போ விகிதம் 4இலிருந்து 6.5 ஆக உயர்ந்தபோது பலர் இதை அறியாமலே ஏற்றனர். தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா, நிலையான வட்டிக்கு மாறுவதா என்ற தேர்வைக் கடன் பட்டவருக்கு அளிக்குமாறு 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி பணித்தது. 2024 அக்டோபர் முதல் புதிய கடன்களுக்கு ஆண்டு மொத்த விகிதமும் தவணை அட்டவணையும் அடங்கிய முதன்மை விவரக் குறிப்பு கட்டாயமாயிற்று.

மொத்தத் தொகை மட்டுமே முழு உண்மை என்பதும் சரியன்று. இருபதாண்டுக்குப் பிந்தைய ரூபாய்க்கு இன்றைய ரூபாயின் மதிப்பு இராது. கொடுக்காமல் மிஞ்சிய வாடகையும் கணக்கில் சேரும். மறுபுறம் செயல்முறைக் கட்டணம், காப்பீடு, பத்திரச் செலவு ஆகியவை தவணைக்கு வெளியே நிற்கின்றன. இவை அனைத்தையும் ஒரே தாளில் எழுதிப் பார்த்தவரே தாம் வாங்குவதன் விலையை அறிவார்.

1999இல் ஃபத்வாவுக்கான ஐரோப்பிய மன்றம், வேறு வழியின்றித் தேவைக்கு ஆளான மேற்கத்திய முஸ்லிம்களுக்கு முதல் வீட்டுக்காக வட்டிக் கடனில் இளக்கம் கண்டது. அறிஞர் பலர் அதை ஏற்கவில்லை. அவ்விவாதத்தில் எந்தப் பக்கம் நிற்பவரும், தேவையின் அளவை மதிப்பிடுமுன் விலையின் அளவை அறிந்தாக வேண்டும். திருக்குர்ஆனின் மிக நீண்ட வசனம் கடனை எழுதிவைப்பது பற்றியது என்பதை நாமெல்லாம் அறிவோம். கடன் பட்டவரே வாசகத்தைச் சொல்லி எழுதுவிக்க வேண்டும் என்று அவ்வசனம் பணிப்பதை அத்துணை நினைவில் கொள்வதில்லை. தாம் பட்ட கடனைத் தம் வாயால் சொல்லக்கூடிய அளவுக்கு ஒருவர் அதை அறிந்திருக்க வேண்டும் என்பதன்றோ அதன் பொருள்? கையொப்பமிடும் முன், வட்டிக் கடனாயினும் தவணை விற்பனையாயினும் ஒத்தியாயினும், மொத்தம் எவ்வளவு, முதல் ஐந்தாண்டில் அசலில் கழிவது எவ்வளவு, இடையில் முடித்தால் திரும்புவது எவ்வளவு என்ற மூன்றையும் கேட்டு எழுதி வாங்குவது நம் குடும்பங்களில் வழக்கமாக வேண்டும்.