உலகங்களுக்கு நடுவிலுள்ள காடு

பெல்ஃபாஸ்டில் பிறந்த ஆங்கில எழுத்தாளர் சி. எஸ். லூயிஸ் (1898–1963) தம் நார்னியா கதைவரிசைக்காகப் படைத்த மாயத்தளம். 1955இல் ஆறாவது நூலாக வெளிவந்த ‘மந்திரவாதியின் மருமக’னில் இடம்பெறுகிறது. கதைக்காலப்படி அதுவே முதல் நூல்.

பறவையோ பூச்சியோ காற்றோ இல்லாத அடர்ந்த காடு இது. மரங்கள் வளர்வதையே உணரலாம் போன்ற நிசப்தம். சில கஜத்துக்கு ஒன்றாகச் சிறு குட்டைகள் கிடக்கின்றன. ஒவ்வொன்றும் ஓர் உலகத்தின் வாசல். உரிய மாய மோதிரம் இல்லாமல் இறங்கினால் கால் மட்டுமே நனையும். மஞ்சள் மோதிரம் காட்டுக்குள் இழுக்கும். பச்சை மோதிரம் வெளியே கொண்டுபோகும். மோதிரங்களைச் செய்த மந்திரவாதி ஆண்ட்ரூ மாமாவுக்கே இது சரியாகப் புரியவில்லை என்பது லூயிஸின் குறும்பு.

இங்கே எதுவும் நிகழ்வதில்லை. வந்தவருக்குத் தூக்கக் கலக்கம் ஏற்படும், தாம் யார் என்பதும் மறந்துபோகும். எப்போதும் அங்கேயே இருந்ததாகத் தோன்றும். சார்ன் உலகின் கொடிய அரசி ஜேடிஸோ இங்கு மூச்சுத் திணறி வலுவிழக்கிறாள். கதையின் நாயகர்களான சிறார் திகோரியும் பாலியும் தங்கள் உலகின் குட்டையை அடையாளம் காணப் புல்தரையில் ஒரு கீற்றை வெட்டி வைக்கிறார்கள். அதை மறந்திருந்தால் வீடு திரும்ப வழியேது?

ஓர் உலகம் அழிந்தால் அதன் குட்டை வற்றிவிடும். உலகங்களின் கடிகாரங்களும் ஒத்துப்போவதில்லை: ‘இளவரசர் காஸ்பிய’னில் (1951) இங்கிலாந்தில் ஓராண்டு கழிவதற்குள் நார்னியாவில் பல நூற்றாண்டுகள் ஓடிவிடுகின்றன.