ஒரு நீளம், பல கோணங்கள்: பரங்கிமலை அடிக்கோடும் முக்கோண அளவீட்டின் வளர்ச்சியும்

ஒரு முக்கோணத்தின் ஒரு பக்கமும் இரண்டு கோணங்களும் தெரிந்தால் போதும், மற்ற இரு பக்கங்களையும் பரப்பளவையும் கணக்கிட்டுவிடலாம். இன்று பதினோராம் வகுப்பு மாணவர் தேர்வுக்காகப் படிக்கும் சைன் விதி இது. இதை நம்பி ஒரு தீபகற்பத்தையே அளக்கத் துணிந்த வேலை 1802 ஏப்ரல் 10 அன்று பரங்கிமலைக்கு அருகே தொடங்கியது. நில அளவையில் கோலுக்கும் சங்கிலிக்கும் இருந்த நம்பகம் எப்படிக் கோணத்தின் கைக்கு மாறியது என்பதே இக்கட்டுரையின் கேள்வி. அந்த மாற்றம் கடுமையாகச் சோதிக்கப்பட்ட களங்களுள் தமிழகச் சமவெளியும் ஒன்று.

சைன் மதிப்புகள் இந்த மண்ணுக்குப் புதியவை அல்ல. கி.பி. 499-ஐ ஒட்டி எழுந்த ஆரியபட்டரின் நூல், கால்வட்டத்தை 24 கூறுகளாக்கி, 3438 கலை ஆரம் கொண்ட வட்டத்துக்கான அரைநாண் வேறுபாடுகளைத் தருகிறது. ஆனால் அந்த அட்டவணை பெரிதும் வானத்துக்கே பயன்பட்டது. கோள்களின் இருப்பிடமும் கிரகணமும் அதைக் கொண்டு கணிக்கப்பட்டன. வயலை அளக்கக் கோல் இருந்தது. முதலாம் இராசராசன் காலத்து நில அளவையில் வேலி என்னும் நில அலகின் மிக நுண்ணிய பின்னங்கள்வரை கல்வெட்டில் பதிவாகியிருப்பதைப் பார்த்தால், கோலின் துல்லியத்தைக் குறைத்துப் பேச முடியாது. ஆனால் கோல், மனிதர் நடந்து செல்லக்கூடிய இடத்தை மட்டுமே அளக்கும். ஆறு, காடு, மலைமுகடு ஆகியவற்றுக்கு அப்பால் உள்ளதை அதனால் தொட முடியாது.

வானத்துக் கணிதத்தை நிலத்துக்கு இறக்கியவர்களுள் அல்பிரூனியைத் தனித்துச் சொல்ல வேண்டும். 11-ஆம் நூற்றாண்டில், பஞ்சாபின் நந்தனா கோட்டைக்கு அருகிலிருந்த ஒரு மலையின் உயரத்தைக் கோணங்களால் கண்டு, அதன் உச்சியிலிருந்து அடிவானம் எவ்வளவு தாழ்ந்து தெரிகிறது என்று பார்த்து, பூமியின் ஆரத்தைக் கணித்தார். 13-ஆம் நூற்றாண்டில் நசீருத்தீன் தூசி, சைன் விதியை முறையாக நிறுவி முக்கோணவியலைத் தனித் துறையாக எழுதினார். ஒரு கோட்டை அளந்துவிட்டு, மற்ற ஊர்களைக் கோணங்களால் பிணைத்துச் செல்லும் உத்தியை 1533-இல் கெம்மா ஃபிரிசியஸ் விளக்கினார். 1615-இல் நெதர்லாந்தில் ஸ்னெல், தேவாலயக் கோபுரங்களை உச்சிகளாக வைத்து முக்கோணச் சங்கிலி கட்டி, புவியின் ஒரு பாகை நீளத்தைத் தேடினார். சமதரை நாட்டில் உயர்ந்து நிற்பது வழிபாட்டுக் கோபுரம்தான். காவிரிச் சமவெளியிலும் இதே நிலைதான் என்பதைப் பின்னர் காண்போம்.

மைசூர்ப் போரில் பங்கெடுத்த வில்லியம் லாம்டன், போர் முடிந்ததும் தீபகற்பத்தின் குறுக்கே முக்கோண அளவீடு நடத்த ஒரு திட்டம் முன்வைத்தார். சென்னை அரசு ஏற்றுக்கொண்டது. நேரடியாக அளக்க வேண்டிய முதல் கோடான அடிக்கோடு பரங்கிமலைக்கு அருகில் தொடங்கித் தெற்கே பெரும்பாக்கம் குன்றை நோக்கி ஓடியது. நீளம் சுமார் ஏழரை மைல். அளந்த சங்கிலி எஃகினாலானது. 100 அடி நீளம், ஒவ்வொன்றும் இரண்டரை அடியாக 40 கண்ணிகள். அதை வெறுந்தரையில் இழுக்கவில்லை. முக்காலிகள்மேல் மரப்பெட்டிகளை மட்டமாக ஏற்றி, அவற்றுள் சங்கிலியைக் கிடத்தி, பக்கத்தில் வெப்பமானிகளை வைத்தார்கள். பிறகு அடுத்த நூறு அடிக்கு முழு ஏற்பாட்டையும் நகர்த்தினார்கள். இப்படி நானூறு முறை. வேலை முடிந்தது மே 22 அன்று; அதாவது கத்திரி வெயில் காலத்தில்.

வெப்பமானி எதற்கு? எஃகு சூட்டில் நீளும். சங்கிலியின் வெப்பநிலையை ஒரே ஒரு செல்சியஸ் பாகை தவறாகக் கொண்டாலும், நூறு அடிக்கு 0.014 அங்குலம் பிசகும். நானூறு சங்கிலிக்கு அது ஐந்தரை அங்குலத்தைத் தாண்டிவிடும். பின்னால் வரும் ஒவ்வொரு பக்கமும் இந்த ஒரு கோட்டிலிருந்தே பிறக்கிறது. ஆகவே இங்கே நேரும் பிசகு அதே விகிதத்தில் முக்கோணத்துக்கு முக்கோணம் தொடர்ந்து போகும். ஒரு கோட்டுக்கு ஆறு வாரம் செலவிட்டதன் நியாயம் இதில் இருக்கிறது.

கணக்கை அருகில் நின்று பார்ப்போம். அடிக்கோடு 40,006.4 அடி என்றும், அதன் இரு முனைகளிலிருந்து தொலைவில் தெரியும் ஒரு குன்றைப் பார்த்துக் கிடைத்த கோணங்கள் 60, 70 பாகை என்றும் வைத்துக்கொள்வோம்; கோணங்கள் விளக்கத்துக்காக நான் எடுத்துக்கொண்டவை. குன்றின் கோணம் 50 பாகை. 60 பாகைக்கு எதிரே உள்ள பக்கம், 40,006.4-ஐ 60-இன் சைனால் பெருக்கி 50-இன் சைனால் வகுத்தால் வரும்: ஏறத்தாழ 45,228 அடி. 70 பாகைக்கு எதிர்ப்பக்கம் 49,075 அடி. இவ்விரு பக்கங்களின் பெருக்கத்தை இடைக்கோணத்தின் சைனால் பெருக்கிப் பாதியாக்கினால் பரப்பளவு, சுமார் 30.5 சதுர மைல். குன்றுக்கு யாரும் சங்கிலி தூக்கிச் செல்லவில்லை. இனி அந்த 45,228 அடிப் பக்கமே அடுத்த முக்கோணத்துக்கு அடிக்கோடு.

எல்லா முக்கோணங்களும் சரிவராது என்பதையும் இக்கணக்கே காட்டுகிறது. வகுக்கும் கோணம் 50 பாகையாக இருக்கையில் ஒரு விகலைப் பிசகு 45,228 அடிப் பக்கத்தில் இரண்டு அங்குலம் சொச்சம்தான். அதே கோணம் 5 பாகையாகச் சுருங்கினால், பக்க நீளத்தோடு ஒப்பிட்ட பிழை 13 மடங்குக்கு மேல் பெருகும். சமபக்கத்தை ஒட்டிய முக்கோணங்களுக்காக அளவையாளர்கள் குன்று குன்றாக அலைந்ததற்கு இதுவே காரணம்.

இன்னொரு சிக்கல், பூமி உருண்டை. வளைந்த பரப்பில் வரைந்த முக்கோணத்தின் கோணங்கள் 180 பாகையை மிஞ்சும். அந்த மிகுதி பரப்பளவைப் பொறுத்தது: ஏறத்தாழ 76 சதுர மைலுக்கு ஒரு விகலை. மேலே கண்ட முக்கோணத்துக்கு 0.4 விகலை, முப்பது மைல் பக்கமுள்ள முக்கோணத்தில் அது பல விகலையாகும். 1787-இல் லெஜாந்தர் ஓர் எளிய வழி சொன்னார்: மிகுதியில் மூன்றில் ஒரு பங்கை ஒவ்வொரு கோணத்திலும் கழித்துவிட்டு, சாதாரணத் தள முக்கோணமாகவே கணக்கிடலாம். பரப்பளவு இங்கே கடைசியில் எழுதும் விடையாக நிற்காமல், கோணத்தைத் திருத்தும் கருவியாக மாறுவதை நான் மிக அழகான திருப்பமாகக் கருதுகிறேன்.

கோணங்களை அளந்த பெரிய தியோடலைட் லண்டனில் கேரி செய்தது. கிடைவட்டத்தின் விட்டம் மூன்று அடி. எடை அரை டன். அதைக் கொண்டுவந்த கப்பலைப் பிரெஞ்சுக்காரர்கள் கைப்பற்றி மொரீசியசுக்குக் கொண்டுபோனார்கள். பிறகு அங்கிருந்து மரியாதையோடு சென்னைக்கு அனுப்பிவைத்தார்கள். 1808-இல் அது தஞ்சைக்கு வந்தது. காவிரிப் படுகையில் குன்று இல்லை, தென்னந்தோப்புகள் பார்வையை மறித்தன, கோபுரங்களே நிலையங்களாயின. பெரிய கோயில் விமானத்தின்மேல் ஏற்றும்போது கயிறு அறுந்து, கருவி கட்டடத்தில் மோதிக் கிடைவட்டம் நெளிந்தது. மோதியது கருவியின் இதயத்தில்தான். வட்டம் கோணினால் அதில் படிக்கும் எந்தக் கோணத்தையும் நம்ப முடியாது. லாம்டன் ஆறு வாரம் உட்கார்ந்து, ஆப்பும் திருகும் கப்பியும் கொண்டு அந்த வட்டத்தைச் சிறுகச் சிறுக இழுத்துப் பழைய வடிவத்துக்குக் கொண்டுவந்தார். அதன் பிறகும் பல ஆண்டுகள் அதே கருவி உழைத்தது. கயிறு பிடித்தவர்கள், மரப்பெட்டி தூக்கியவர்கள், கொடி நட்டுக் காத்திருந்தவர்கள் ஆகியோரின் பெயர்கள் இந்த வரலாற்றில் வெளிச்சத்துக்கு வராதது பெரிய குறை.

முறை சரியா என்பதற்குச் சோதனை முன்பே நடந்திருந்தது. பரங்கிமலையிலிருந்து சுமார் 160 மைல் தொலைவில், பெங்களூருக்கு அருகே, 1804-இல் ஜான் வாரன் வேறோர் அடிக்கோட்டைச் சங்கிலியால் அளந்தார். முக்கோணங்கள் வழியே கணித்து வந்த நீளத்துக்கும் தரையில் அளந்த நீளத்துக்கும் வேறுபாடு 3.7 அங்குலம். சங்கிலியின் சூட்டில் ஒரு பாகை பிசகினால் வரும் பிழையைவிடவும் இது குறைவு. சென்னைக்கும் மங்களூருக்கும் இடையே தீபகற்பத்தின் அகலம், பழைய வரைபடங்கள் காட்டிய 400 மைல் அன்று, 360 மைல்தான் என்பதும் இந்த முக்கோணங்களால் தெளிவாயிற்று. 1818-இல் இந்த அளவீடு ‘மகா முக்கோணவியல் அளவீடு’ எனப் பெயர் பெற்று, லாம்டனுக்குப் பின் எவரெஸ்ட், ஆண்ட்ரூ வா ஆகியோர் தலைமையில் இமயம்வரை சென்றது.

வாரனின் பெயரை இங்கேயே விட்டுவிடக் கூடாது. சென்னை வானாய்வகத்தில் பொறுப்பேற்றிருந்த அவர், தென்னிந்தியப் பஞ்சாங்கக் கணிதத்தைப் பற்றி ‘கால சங்கலித’ என்ற பெரிய நூலை 1825-இல் வெளியிட்டார். புதுச்சேரியில் ஒரு தமிழ்ப் பஞ்சாங்கக் கணிதர், தரையில் சோழிகளைப் பரப்பி, எழுத்துக்கோலையோ ஏட்டையோ தொடாமல், சொற்களாக மனப்பாடம் செய்த அட்டவணைகளைக் கொண்டு சந்திரகிரகணத்தைக் கணித்துக் காட்டியதை வாரன் பதிவு செய்திருக்கிறார். அந்தப் பதிவை 1952-இல் ஓட்டோ நொய்கெபாவர் ஆராய்ந்து, அம்முறையின் வேர்கள் பாபிலோனியக் கணிதத்தைத் தொடுவதை எடுத்துக்காட்டினார். பெங்களூர் வெளியில் சங்கிலி பிடித்து முக்கோணக் கணக்கைச் சரிபார்த்தவரே சோழிக் கணக்கின் எதிரிலும் அமர்ந்து, அதன் படிகளை ஒவ்வொன்றாகக் கேட்டு எழுதியிருக்கிறார். நில அளவையின் வரலாற்றையும் தமிழ் வானியலின் வரலாற்றையும் தனித்தனியே எழுதிவரும் நம் ஆய்வாளர்கள், வாரனின் நூலை இரண்டுக்கும் பொதுவான மூலமாகக் கொண்டு மீண்டும் படிக்க வேண்டும்.