சுருள்முடிக்காரியின் கணக்கு

கனடாவின் ஹாமில்டனில் பிறந்த நடிகை ஃபுளோரன்ஸ் லாரன்ஸைச் சென்ற வாரம் பார்த்தோம். அவர் நடித்துக்கொண்டிருந்த நியூயார்க் பயோகிராப் படக் கம்பெனிக்கு 1909-இல் பதினேழு வயதுப் பெண் ஒருத்தி வேலை கேட்டு வந்தாள். நாளுக்கு 5 டாலர் என்றார் இயக்குநர் கிரிஃபித். 10 வேண்டும் என்றாள். கிடைத்தது.

அந்தத் துணிச்சல் டொராண்டோவில் விளைந்தது. யூனிவர்சிட்டி அவென்யூவில் இன்று சிக்கிட்ஸ் குழந்தைகள் மருத்துவமனை நிற்கும் இடத்தில்தான், 1892 ஏப்ரல் 8 அன்று கிளாடிஸ் ஸ்மித் பிறந்தாள். 1898-இல் தகப்பன் இறந்துவிட்டார். மூன்று பிள்ளைகளோடு நின்ற தாய் சார்லட், வீட்டு அறைகளை வாடகைக்கு விட்டார். வாடகைக்கு வந்தவர்களில் ஒருவர் நாடகக் கம்பெனிக்காரர். அவர் வழியாக, 1900 ஜனவரியில் பிரின்சஸ் தியேட்டர் மேடையேறியபோது கிளாடிஸுக்கு எட்டு வயதுகூட நிரம்பவில்லை. அதன்பின் அவள் சம்பாத்தியத்தை நம்பித்தான் குடும்பம். தந்தையை இழந்து சிறுவயதிலேயே நாடகத்துக்குப் போன நம் நடிகை டி.பி.ராஜலட்சுமியின் கதை நினைவுக்கு வராமல் போகாது.

1907-இல் நாடகத் தயாரிப்பாளர் டேவிட் பெலாஸ்கோ அவளை மேரி பிக்ஃபோர்ட் ஆக்கினார். ஆனால் பயோகிராப் படங்களில் யார் பெயரையும் போடமாட்டார்கள். பெயர் தெரிந்துவிட்டால் சம்பளம் ஏறிவிடும் என்ற பயம்! ரசிகர்கள் சுருள்முடியை வைத்தே அடையாளம் கண்டுகொண்டார்கள். முதலாளிகள் பயந்தபடியே நடந்தது: 1916-இல் படத் தயாரிப்பாளர் அடால்ஃப் சூகருடன் மேரி போட்ட ஒப்பந்தம் வாரத்துக்கு 10,000 டாலர், அதோடு லாபத்தில் பங்கு. பேரம் பேசும்போது பக்கத்தில் சார்லட் இருந்தார்.

திரையிலோ அவர் சிறுமி. 1917-இல் ‘தி புவர் லிட்டில் ரிச் கேர்ள்’ படத்துக்காக மேசை நாற்காலிகளைப் பெரிதாகச் செய்து போட்டார்கள். இருபத்தைந்தை எட்டும் பெண் அவற்றுக்கு நடுவே பத்து வயதுப் பிள்ளையாகத் தெரிந்தார். இந்த வேடம் அவருக்கு வரமா, விலங்கா? என்னைக் கேட்டால் இரண்டாவதுதான். 1928-இல் தாய் இறந்த சில மாதங்களில் சுருள்முடியைக் கத்தரித்தார். மறுவருடம் வெளிவந்த ‘கோக்கெட்’ என்ற பேசும்படம் ஆஸ்கர் வாங்கித் தந்தது. பழைய கூட்டம் மட்டும் திரும்பவில்லை. 1933-உடன் நடிப்பை விட்டார்.

கணக்கை விடவில்லை. சாப்ளின், கிரிஃபித், டக்ளஸ் ஃபேர்பேங்ஸோடு சேர்ந்து 1919-இல் தொடங்கிய யுனைடெட் ஆர்டிஸ்ட்ஸில் அவர் பங்கு இருந்தது. 1955-இல் சாப்ளின் தன் பங்கை 11 லட்சம் டாலருக்குக் கொடுத்தார். மேரி பொறுத்திருந்து அடுத்த வருடம் விற்றார், 30 லட்சத்துக்கு.