ஆவாரம்பட்டை போய் வாட்டில் வந்த கதை

ஆவாரைன்னா நமக்குப் பொங்கல் காப்புக்கட்டும், சர்க்கரை நோய்க்குப் போடும் கஷாயமும்தான் ஞாபகத்துக்கு வரும். குறிஞ்சிப்பாட்டின் பூப்பட்டியலிலும் ஆவிரை என்ற பெயரில் இது இருக்கு. ஆனால் 19ஆம் நூற்றாண்டில் இதன் மதிப்பு பூவில் இல்லை, பட்டையில். பட்டையிலுள்ள டானின்தான் பச்சைத்தோலை அழுகாத தோலாக்குகிறது. சென்னை மாகாணத்திலிருந்து கப்பலேறிய பதனிட்ட தோல்களில் பெரும்பாலானவை இதில் ஊறியவை.

20ஆம் நூற்றாண்டில் தென்னாப்பிரிக்காவிலிருந்து வாட்டில் பட்டை வந்தது. அதில் டானின் அதிகம். ஆவாரை பின்னுக்குப் போனது. பட்டையை இறக்குமதி செய்வானேன் என்று, ஆஸ்திரேலியாவின் அந்த மரத்தையே நீலகிரியிலும் பழனிமலையிலும் நிறைய நட்டார்கள். இன்று அது புல்வெளிகளை மூடி நிற்கிறது.

பட்டைக்குக் கணக்குப் போட்டவர்கள் புல்லுக்குப் போடவில்லை. மலையில் ஓடைகளுக்கு நீர் தருவது அந்தப் புல்வெளிதான்.