எழுபது பைசா வட்டி

ரமண மகரிஷி உயிரோடிருந்த காலத்தில், இருட்டிய பிறகு பெண்கள் ஆசிரமத்துக்குள் தங்கக் கூடாது என்று ஒரு விதி இருந்தது. அவருடைய தாய் அழகம்மாள் 1922இல் இறந்தார். அவருடைய சமாதியைச் சுற்றித்தான் இந்த ஆசிரமமே எழுந்தது. 1949இல் அந்தச் சமாதியின் மேல் மாத்ருபூதேஸ்வரர் கோயிலுக்குக் குடமுழுக்கும் நடந்தது. ஒரு பெண்ணின் சமாதியில் வேர்விட்ட இடத்தில் மற்ற பெண்களுக்கு இரவில் இடமில்லை. பல ஆண்டுகள் தவறாமல் மலைக்கும் ஆசிரமத்துக்கும் சோறு சுமந்து வந்த எச்சம்மாள் ஊருக்குள் வீடு வைத்திருந்தார். 1941இல் வந்த சூரி நாகம்மா, சிறுவயதிலேயே கணவனை இழந்தவர், ஆசிரமத்துக்கு வெளியே வீடு பார்த்துத் தங்கித்தான் தன் புகழ்பெற்ற கடிதங்களை எழுதினார். செங்கம் சாலையை ஒட்டி இன்று நெருக்கியடித்து நிற்கும் ரமண நகரின் வரலாற்றை யாராவது எழுதினால், இருட்டுவதற்குள் வெளியேற வேண்டியிருந்த இந்தப் பெண்களிலிருந்து தொடங்க வேண்டும் என்று எனக்குத் தோன்றுவதுண்டு.

நான் இந்தப் பகுதியில்தான் குடியிருக்கிறேன், வீட்டுக்கடன் கட்டிக்கொண்டு. மலை தெரிகிற மாடி என்றால் வாடகை கூடும். மனையின் விலையும் கூடும். வெளிநாட்டுக்காரர்களும் ஆந்திர, தெலங்கானா பக்தர்களும் வரவர, உள்ளூர்க்காரர்கள் கடன் இல்லாமல் ஒரு செங்கல்லும் வைக்க முடியாத நிலை. ஆகவே எங்கள் தெருவில் பெண்கள் கூடினால் பேச்சு சீக்கிரமே தவணைக்கு வந்துவிடும். "பேங்குல எழுவது பைசா வட்டிதானேம்மா, நாங்க ரெண்டு ரூவா வட்டிக்கு வாங்கியே புள்ளைங்கள படிக்க வச்சோம்" என்று ஒரு அக்கா சொன்னார். கணக்குச் சரிதான். நூறு ரூபாய்க்கு மாதம் எழுபது பைசா என்றால் ஆண்டுக்கு ஏறக்குறைய 8.5 சதவீதம். இரண்டு ரூபாய் வட்டி என்பது 24 சதவீதம். கந்து வட்டியைப் பார்த்து வளர்ந்தவர்களுக்கு வங்கி வட்டி தருமம் மாதிரித் தெரிவதில் வியப்பில்லை. ஆனால் ரெண்டு ரூபாய் வட்டிக் கடனை நம் பெண்கள் அறுவடைக்கோ சீட்டுப்பணம் வரும்போதோ அடைத்துத் தலைமுழுகப் பார்ப்பார்கள். எழுபது பைசா வட்டி இருபது ஆண்டுகள் வீட்டோடு இருக்கும். விலையைத் தீர்மானிப்பது வட்டி மட்டுமல்ல, காலமும்தான்.

20 லட்சம் ரூபாயை 8.5 சதவீதத்தில் 20 ஆண்டுகளுக்கு வாங்கினால் மாதத் தவணை 17,356 ரூபாய். முதல் மாதம் அதில் 14,167 வட்டிக்குப் போய்விடும். அசலில் கழிவது 3,190 மட்டும். தவணையில் அசலின் பங்கு வட்டியின் பங்கைத் தாண்டுவதற்குக் கிட்டத்தட்ட 12 ஆண்டுகள் ஆகும். பத்து ஆண்டுகள் ஒரு மாதமும் தவறாமல் கட்டிய பெண் 20,82,000 ரூபாய்க்கு மேல் கட்டியிருப்பாள். வாங்கிய கடனைவிட அதிகம். அன்று வங்கியில் பாக்கி எவ்வளவு என்று கேட்டால் ஏறக்குறைய 14 லட்சம் என்பார்கள். கடைசிவரை கட்டினால் மொத்தம் 41 லட்சத்து 65 ஆயிரம். இதில் ஏமாற்று எதுவுமில்லை. மீதியிருக்கும் அசலுக்குத்தான் ஒவ்வொரு மாதமும் வட்டி போடுகிறார்கள். தொடக்கத்தில் அசல் பெரிதாக இருப்பதால் வட்டியும் பெரிது. அதே கடனை 15 ஆண்டில் முடிப்பதென்றால் தவணை 19,695. மாதம் 2,339 ரூபாய் கூடுதல். மொத்தத்தில் ஆறு லட்சத்துக்கு மேல் மிச்சம். அந்த 2,339 ரூபாயை மளிகையிலிருந்து பிடிப்பதா, பிள்ளையின் டியூஷனிலிருந்து பிடிப்பதா என்று முடிவு செய்பவள் யார் என்று நமக்குத் தெரியும்.

வட்டி எதுவரை வளரலாம் என்ற கேள்வி இந்த நாட்டுக்குப் புதிதல்ல. தஞ்சைப் பெரிய கோயில் கல்வெட்டுகளில், ராஜராஜனின் அக்காள் குந்தவை கோயிலுக்குக் கொடுத்த காசை ஊர்ச்சபைகள் வாங்கிக்கொண்டு, ஆண்டுக்குக் காசு ஒன்றுக்கு அரைக்கால் காசு வட்டி, அதாவது 12.5 சதவீதம், செலுத்த ஒப்புக்கொண்ட கணக்குகள் இருக்கின்றன. வட்டிக்கு அன்றைய சொல் பொலிசை. கடனின் காலம்? சந்திராதித்தவரை. நிலவும் கதிரும் உள்ளவரை. அசலைத் திருப்பித் தரும் பேச்சே கிடையாது. அசல் சாகாமல் கிடந்து வட்டியை ஈன்றுகொண்டே இருக்க வேண்டும். கோயில் விளக்குக்கு நெய் தர விடப்பட்ட ஆடுகளுக்கே சாவா மூவாப் பேராடு என்று பெயர் வைத்தவர்கள் அவர்கள். எட்டு ஆண்டில் அசலுக்குச் சமமாக வட்டி கட்டி முடித்த ஊர், ஒன்பதாம் ஆண்டும் கட்டியது. கடன் கொடுத்தவள் ஒரு பெண் என்பதில் நாம் பெருமைப்படலாம்தான். வட்டி நெல்லை விளைவித்த பெண்களின் பெயர்கள் கல்லில் இல்லை.

இதற்கு எதிர்முனையில் நிற்பது மனுவின் பெயரால் வழங்கிய ஒரு விதி: ஒரே தடவையில் வசூலிக்கும் வட்டி அசலைத் தாண்டக் கூடாது. பெண்களைப் பற்றி மனு சொன்னவற்றை ஆங்கிலேய நீதிமன்றங்கள் ஆர்வமாகக் கைக்கொண்டன. இந்த விதியைப் பம்பாய் மாகாணத்திலும் கல்கத்தா நகரத்திலும் ஏற்றன. சென்னை மாகாணத்தில் ஏற்கவில்லை. நம் ஊரில் அடமானக்காரனுக்கு அந்தத் தடையும் இல்லாமல் போயிற்று. 1882ஆம் ஆண்டின் சொத்துரிமை மாற்றுச் சட்டம் அடமானங்களை வகைபிரித்தது. நாம் ஒற்றி என்றும் போக்கியம் என்றும் சொல்வதற்கும் அதில் இடமுண்டு. கடன் கொடுத்தவன் வீட்டையோ நிலத்தையோ அனுபவித்துக்கொள்வான், அனுபவமே வட்டி. ஒற்றியில் ஒரு நன்மை உண்டு: வட்டிமேல் வட்டி ஏறாது. கெடுதல், வீட்டுக்காரி வீட்டைவிட்டு வெளியே நிற்க வேண்டும். வங்கிக் கடனில் உள்ளே நிற்கலாம்.

வீட்டுக்காரி என்று எழுதிவிட்டேன். அன்று அவள் பெரும்பாலும் சொத்துக்காரி அல்ல. ரமணரின் தந்தை சுந்தரம் ஐயர் 1892இல் இறந்தபோது அழகம்மாளுக்குச் சிறு பிள்ளைகள். அக்காலத்து இந்துச் சட்டப்படி மகன்கள் இருக்கும் விதவைக்குப் பங்கில்லை, ஜீவனாம்சம் மட்டுமே. அவர்கள் வாழ்ந்த திருச்சுழி வீடு பிறகு குடும்பத்தின் கையை விட்டுப் போனது. பின்னாளில் ஆசிரமம் அதை வாங்கிக் காத்துவருகிறது. அதன் இன்றைய பெயர் சுந்தர மந்திரம். அந்த வீட்டில் சமைத்துப் பெற்று வளர்த்தவளின் பெயர் வீட்டுக்கு வைக்கப்படவில்லை.

பெண் சொத்தை அடமானம் வைக்க நேர்ந்தபோதும் சட்டம் அவளைச் சந்தேகத்தோடுதான் பார்த்தது. 1856இல் லண்டன் பிரிவி கவுன்சிலில் முடிந்த ஒரு வட இந்திய வழக்கு: கைம்பெண் ஒருத்தி, சிறுவனான மகனின் கார்டியனாக நின்று, குடும்பச் சொத்தை அடமானம் வைத்திருந்தாள். அதில் உருவான கோட்பாடு, கடன் கொடுப்பவன் உண்மையான தேவை இருக்கிறதா என்று விசாரித்திருக்க வேண்டும் என்பது. பிறகு நூறு ஆண்டுகள் விதவைகளின் அடமானங்களெல்லாம் இந்த அளவுகோலில் தட்டிப் பார்க்கப்பட்டன. 1937ஆம் ஆண்டுச் சட்டம் விதவைக்குப் பங்கு தந்தது. ஆனால் ஆயுள்வரை மட்டும். 1956இன் இந்து வாரிசுரிமைச் சட்டம்தான் அதை முழு உரிமையாக்கியது. மகள்களைக் கூட்டுக் குடும்பச் சொத்தில் பங்காளியாக்கியது தமிழ்நாட்டில் 1989, இந்தியா முழுமைக்கும் 2005.

1938இல் சென்னை மாகாணத்தில் ராஜாஜி அமைச்சரவை கொண்டுவந்த விவசாயிகள் கடன் நிவாரணச் சட்டத்தை இந்த வரலாற்றில் நான் மிகவும் மதிக்கிறேன், அவருடைய பிற அரசியல் எப்படியிருந்தாலும். அசலும் வட்டியுமாகச் சேர்த்து, வாங்கியதைப் போல இரண்டு மடங்கு கட்டிவிட்டால் விவசாயியின் கடன் தீர்ந்தது என்றது அது. புதிய கடனுக்கு வட்டி ரூபாய்க்கு மாதம் ஒரு தம்பிடி, ஆண்டுக்கு 6.25 சதவீதம். அந்தச் சட்டத்தில் ஒரு விலக்கு உண்டு. வேறு சொத்தே இல்லாத ஒரு பெண்ணுக்கு வரவேண்டிய கடன், அசல் 3,000 ரூபாய்க்கு மேற்படாவிட்டால், குறைக்கப்படாது. நிலம் கிடைக்காத கைம்பெண்கள் கையிலிருந்த சிறு பணத்தைப் புரோநோட்டில் விட்டு வட்டியில் சோறு தின்றார்கள் என்பது அந்தச் சட்டத்தை எழுதியவர்களுக்குத் தெரிந்திருந்தது. வட்டியைப் பற்றிப் பேசும்போது கொடுப்பவனைக் கொடியவனாகவும் வாங்குபவளை ஏமாளியாகவும் மட்டும் பார்க்க வேண்டியதில்லை என்று எனக்குச் சொன்ன ஒரு வரி அது.

அந்த இரட்டை மடங்குக் கோட்டை இன்றைய 20 லட்சக் கடனின் மேல் வைத்துப் பார்த்தேன். 231ஆம் தவணையில் 40 லட்சம் நிறைகிறது. மிச்சம் ஒன்பது தவணை. பெரிய வித்தியாசமில்லையே என்று தோன்றலாம். ஆனால் இது வட்டி ஏறாமல் இருந்தால்.

ஏறியது. 2022 மே முதல் 2023 பிப்ரவரிக்குள் ரிசர்வ் வங்கி ரெப்போ விகிதத்தை 4 சதவீதத்திலிருந்து 6.5க்கு உயர்த்தியது. 2019 அக்டோபருக்குப் பிறகு வங்கிகள் தரும் மாறும் வட்டி வீட்டுக்கடன்கள் வெளி அளவுகோலோடு, பெரும்பாலும் ரெப்போவோடு, கட்டப்பட்டவை. ரெப்போ ஏறினால் அவையும் ஏறும். 7 சதவீதத்தில் 20 லட்சம் வாங்கியவளின் தவணை 15,506. வட்டி 9.5 ஆனால் 20 லட்சத்துக்கு மாத வட்டி மட்டுமே 15,833. தவணையை மாற்றாமல் காலத்தை மட்டும் நீட்டினால் அந்தக் கடன் என்றைக்கும் முடியாது. சந்திராதித்தவரை என்பது இங்கே உருவகமல்ல. பலருக்குக் காலம் நீண்ட செய்தி குறுஞ்செய்தியாக வந்தது, அல்லது வரவில்லை. வட்டி மாறும்போது தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா, முன்கூட்டியே கொஞ்சம் கட்டுவதா என்று கடனாளியைக் கேட்க வேண்டும் என ரிசர்வ் வங்கி 2023 ஆகஸ்டில் உத்தரவிட்டது. அந்தக் கேள்வி வீட்டில் யாருடைய கைபேசிக்கு வருகிறது என்று பாருங்கள். மாறும் வட்டி வீட்டுக்கடனை முன்கூட்டி அடைத்தால் வங்கி அபராதம் போடக் கூடாது என்ற விதி 2012 முதல் இருக்கிறது. எங்கள் தெருவில் அதை அறிந்தவர்கள் இருவர்.

வங்கித் தாளில் வராத செலவும் உண்டு. 30 லட்சம்வரையான கடனில் வீட்டின் மதிப்பில் 90 சதவீதம்வரைதான் கிடைக்கும். முத்திரைத் தீர்வையும் பதிவுக் கட்டணமும், தமிழ்நாட்டில் இன்று சேர்த்து 9 சதவீதம், தனி. இந்தக் கைப்பணம் எங்கிருந்து வரும்? கழுத்திலிருந்தும் கையிலிருந்தும். 2005இல் ஒரு பவுன் சுமார் 5,000 ரூபாய். 2025 ஏப்ரலில் 70,000 ரூபாயைத் தாண்டியது. அன்று பத்துப் பவுனை விற்று ஐம்பதாயிரம் கொடுத்தவளின் பங்கு அந்த வீட்டில் இன்று எவ்வளவு? வீட்டின் விலையும் ஏறியிருக்கிறதே என்பார்கள். ஏறியிருக்கிறது, பத்திரத்தில் பெயர் உள்ளவருக்கு.

பெண் பெயரில் வாங்கினால் சலுகை உண்டு என்று விளம்பரம் வரும். சில வங்கிகள் வட்டியில் 0.05 சதவீதம் குறைக்கின்றன. நம் 20 லட்சத்தில் அது மாதம் 63 ரூபாய். 10 லட்சம்வரை மதிப்புள்ள சொத்தைப் பெண் பெயரில் பதிந்தால் பதிவுக் கட்டணத்தில் 1 சதவீதம் குறைவு என்று தமிழ்நாடு அரசு 2025 ஏப்ரல் முதல் தருகிறது. ரமண நகரில் 10 லட்சத்துக்கு மனை இருந்தால் எனக்கும் சொல்லுங்கள்.

எங்கள் தெருவில் ஒரு பெண். மருத்துவமனையில் வேலை. மனை கணவர் பெயரில், கடன் இருவர் பெயரில். அவர் சம்பளம் போதவில்லை என்பதால் இவளையும் இணைக் கடனாளியாகச் சேர்த்தார்கள். கையெழுத்துப் போடச் சொன்ன இடத்திலெல்லாம் போட்டாள். 2021இல் கொரோனா கணவரைக் கொண்டுபோனது. கடனுக்குக் காப்பீடு எடுக்கவில்லை. வங்கியைப் பொறுத்தவரை இணைக் கடனாளி என்றால் பாதிக் கடனாளி அல்ல, முழுக் கடனாளி; பாக்கி முழுவதையும் அவளிடமே கேட்கலாம். வீட்டில் அவள் பங்கு? உயில் இல்லாததால் வாரிசுரிமைச் சட்டப்படி மனைவி, இரண்டு பிள்ளைகள், கணவரின் தாய் என நான்கு சம பங்கு. கால் வீட்டுக்கு முழுத் தவணை. மாமியாரோடு அவளுக்குச் சண்டையில்லை. ஆனால் அந்தம்மா போன பிறகு அவர் பங்கைக் கேட்டு இன்னொரு மகனும் மகளும் வரக்கூடும் என்பது இருவருக்குமே தெரியும்; அதைப் பற்றி இருவரும் பேசிக்கொள்வதில்லை.

போன மாதம் அவளுக்காகச் சில தாள்களைப் பார்த்தேன். கடன் முடிந்த 30 நாளுக்குள் மூலப் பத்திரத்தைத் தர வேண்டும், வங்கியின் தவறால் தாமதமானால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் தர வேண்டும் என்று 2023 டிசம்பர் முதல் விதி இருக்கிறது. கடனாளி இறந்திருந்தால் வாரிசுகளிடம் எப்படித் தருவது என்ற முறையையும் வங்கி வெளியிட்டிருக்க வேண்டும். பத்திர ஒப்படைப்பு அடமானத்தை ரத்து செய்யும் ரசீது ஆவணத்தைப் பதியாவிட்டால் வில்லங்கச் சான்றில் கடன் அப்படியே நிற்கும். இதையெல்லாம் ஒரு நோட்டில் எழுதிக் கொடுத்தேன். மாமியார் தன் பங்கை அவள் பெயருக்கு விடுதலைப் பத்திரமாக எழுதித் தரலாம் என்பதையும் எழுதினேன். நோட்டை அவள் மாமியார் எதிரில் வைத்துத்தான் படித்தாள். அந்தம்மா கொஞ்ச நேரம் பேசவில்லை. பிறகு, தீபம் முடிந்து ரிஜிஸ்தர் ஆபீஸ் கூட்டம் குறையட்டும், ஆதார் அட்டையை எடுத்து வை என்றார்.